குப்பைக்கு அனுமதி உண்டு

2024 மே மாதக் கடைசியில் வட கொரியா தெற்கே இருக்கும் தன் ரத்த உறவுகளுக்குப் பரிசு அனுப்பத் தொடங்கியது. வெள்ளை பலூன்கள், பலூனுக்குக் கீழே பிளாஸ்டிக் மூட்டை, மூட்டைக்குள் சிகரெட் துண்டு, கிழிசல் துணி, கழிவுக் காகிதம், செத்த பேட்டரி, எரு. அந்த ஆண்டு முடிவதற்குள் ஆயிரக்கணக்கில் வந்து இறங்கின. வயலில் விழுந்தன, கூரையில் விழுந்தன, ஜூலையில் சியோலில் அதிபர் அலுவலக வளாகத்துக்குள்ளேயே விழுந்தன. பரிசு என்ற சொல் என்னுடையதல்ல. வட கொரியத் தலைவர் கிம் ஜாங்-உன்னின் தங்கை கிம் யோ-ஜோங் அப்படித்தான் அறிக்கை விட்டார். மனமுவந்து தருவதாம்.

தெற்கு மட்டும் சும்மா இருந்ததா? தெற்கத்திய இயக்கங்கள் பல ஆண்டுகளாகவே வடக்கே பலூன் விட்டுக்கொண்டிருந்தன. துண்டுப் பிரசுரம், நாடகத் தொடர் ஏற்றிய யுஎஸ்பி, ஒரு டாலர் நோட்டு. இதைத் தடுக்க 2020-ல் நாடாளுமன்றம் சட்டம் போட்டது. கருத்துச் சுதந்திரம் பாதிக்கப்படுகிறது என்று 2023-ல் அரசியல் சாசன நீதிமன்றம் அதை ரத்து செய்தது. எரு வந்ததும் தென் கொரிய ராணுவம் எல்லையில் ஒலிபெருக்கியை மறுபடி கட்டி, 2024 ஜூன் மாதம் பிடிஎஸ் இசைக்குழுவின் பாட்டை வடக்கு நோக்கி அலறவிட்டது. வடக்கு சளைக்கவில்லை. ஊளைச் சத்தம், உலோகம் கிறீச்சிடும் சத்தம் என்று இரவு பகலாகத் தன் ஒலிபெருக்கியிலிருந்து அனுப்பியது. காங்ஹ்வா தீவில் எல்லையோரக் கிராமத்து மக்கள் மாதக்கணக்கில் தூக்கமில்லாமல் கிடந்தார்கள்.

முக்கால் நூற்றாண்டு நடந்த சித்தாந்தப் போர் இப்படிக் கனிந்து நின்றது. மார்க்சியத்தின் சார்பில் எரு. சுதந்திர உலகின் சார்பில் சினிமாப் பாட்டுக்கு நிகரான ஒன்று.

நான்கு கிலோமீட்டர் அகலம், 250 கிலோமீட்டர் நீளம், இடையில் கண்ணிவெடி. உலகத்திலேயே கடக்க முடியாத எல்லை என்று சொல்லிச் சுற்றுலாக்காரர்களுக்குக் காட்டுகிறார்கள். கடக்க முடியாததா? சுரங்கம் கடந்திருக்கிறது. 1978-ல் தெற்கு மூன்றாவது சுரங்கத்தைக் கண்டுபிடித்தபோது, கருங்கல் சுவரில் கரிப்பொடியைப் பூசிவிட்டு, அது நிலக்கரிச் சுரங்கம் என்று வடக்கு சாதித்தது. ட்ரோன் கடந்திருக்கிறது. மாடு கடந்திருக்கிறது: ஹுண்டாய் நிறுவனர் சுங் ஜு-யுங், சிறுவயதில் அப்பாவின் மாட்டை விற்ற காசோடு வடக்கிலிருந்து வீட்டை விட்டு ஓடிவந்தவர், 1998-ல் லாரி லாரியாக 1,001 மாடுகளை ஏற்றிக்கொண்டு போய்க் கடனை வட்டியோடு தீர்த்தார். அமெரிக்க அதிபர் கடந்திருக்கிறார்: 2019-ல் டொனால்ட் டிரம்ப் எல்லையிலிருக்கும் பன்முன்ஜோமில் கான்கிரீட் வரம்பைத் தாண்டி, வடக்கே சில அடி நடந்து, புகைப்படத்துக்கு நின்று, திரும்பினார். தெற்கே இருக்கும் தொண்ணூறு வயதுக் கிழவி வடக்கே இருக்கும் தங்கைக்கு ஓர் அஞ்சலட்டை போட முடியுமா என்று கேட்டுப் பாருங்கள். முடியாது. தபால் கிடையாது, தொலைபேசி கிடையாது. பாதுகாப்புப் பிரச்சினையாம்.

இந்தக் கோட்டின் பிறப்பையும் பார்த்துவிடலாம். 1945 ஆகஸ்ட் 10-ம் தேதி நள்ளிரவை ஒட்டி, வாஷிங்டனில் இரண்டு ராணுவ அதிகாரிகளிடம் ஒரு வேலை தரப்பட்டது. ஜப்பான் சரணடையப் போகிறது. சோவியத் படை கொரியாவுக்குள் இறங்கிவிட்டது. எங்கே நிறுத்துவது என்று சொல்லுங்கள். டீன் ரஸ்க், சார்லஸ் போன்ஸ்டீல் என்ற அந்த இருவருக்கும் கொரியா பற்றி ஒன்றும் பெரிதாகத் தெரியாது. கையில் இருந்தது நேஷனல் ஜியாக்ரஃபிக் பத்திரிகையின் வரைபடம். அரை மணி நேரத்தில் 38-வது அட்சரேகையைக் காட்டினார்கள். தலைநகரம் சியோல் நம் பக்கம் வருகிறதே, போதும். ஸ்டாலினும் மறுபேச்சின்றி ஒப்புக்கொண்டார். கோடு எந்த ஊரை, எந்த வயலை, யார் வீட்டுக் கொல்லையை அறுத்துக்கொண்டு போகிறது என்று அவர்களுக்குக் கவலை இல்லை. நம் ஊரில் அரை சென்ட் நிலத்தைப் பாகம் பிரிப்பதானாலும் பங்காளிகள் வந்து கையெழுத்துப் போட்டாக வேண்டும். ஆயிரம் ஆண்டுக்கு மேல் ஒரே நாடாக இருந்த தேசத்தைப் பிரிக்கக் கொரியர் ஒருவரின் கைநாட்டுக்கூடத் தேவைப்படவில்லை. டீன் ரஸ்க் பின்னாளில் அமெரிக்காவின் வெளியுறவு அமைச்சராக உயர்ந்து வியட்நாம் போருக்கு வக்காலத்து வாங்கினார். ஒரு நாட்டை இரண்டாக வெட்டுவதில் முன் அனுபவம் உள்ளவர் அல்லவா.

இதில் எனக்கு ஆறாத ஒரு விஷயம் உண்டு. இரண்டாம் உலகப் போரில் தோற்ற ஜெர்மனியைப் பிரித்தார்கள், சரி, அது குற்றவாளி. கிழக்கே தோற்றது ஜப்பான். 1910-லிருந்து 35 ஆண்டு கொரியாவை மிதித்துக் கிடந்ததும் அதே ஜப்பான்தான். வெட்டப்பட்டது மிதிபட்டவன் உடம்பு.

பிறகு ஆட்களை இறக்கினார்கள். வடக்கை ஆளச் செம்படைச் சீருடையில் வந்து இறங்கினார் கிம் இல்-சுங். தெற்கை ஆள, பல பத்தாண்டு அமெரிக்காவில் இருந்த சிங்மன் ரீ அமெரிக்க ராணுவ விமானத்தில் வந்து இறங்கினார். நாடு ஒன்றாகவே இருக்கட்டும் என்று சொன்ன உள்ளூர்க்காரர்களின் கதி என்ன? வடக்கில் மக்கள் மதித்த சோ மான்-சிக் 1946-ல் வீட்டுக் காவலுக்குப் போனார், வெளியே வரவில்லை. தெற்கில் யோ உன்-ஹியோங் 1947-ல் சுட்டுக் கொல்லப்பட்டார். தெற்குக்கு மட்டும் தனித் தேர்தல் வேண்டாம் என்று 1948-ல் கோட்டைத் தாண்டிப் பியோங்யாங்குக்கே போய்ப் பேசிப் பார்த்த கிம் கூ, அடுத்த ஆண்டு ஜூனில் தன் வீட்டிலேயே ஒரு ராணுவ அதிகாரியின் துப்பாக்கிக்கு இரையானார். தனித் தேர்தலை எதிர்த்துக் கிளம்பிய ஜெஜு தீவில் மட்டும் 25,000 முதல் 30,000 பேர் வரை செத்திருக்கலாம் என்பது தென் கொரிய அரசே அமைத்த விசாரணைக் குழுவின் மதிப்பீடு. ஊர் இரண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம் என்பார்கள். இங்கே கூத்தாடிகளே வந்து ஊரை இரண்டாக்கி, ஒன்றாக இருப்போம் என்றவனை ஊரைவிட்டே, பல சமயம் உலகத்தைவிட்டே அனுப்பினார்கள்.

1950 ஜூன் 25-ம் தேதி கிம் இல்-சுங் தெற்கை விடுதலை செய்யப் படையோடு புறப்பட்டார். அந்தக் கோடைகாலத்தில் ரீயின் அரசு, இடதுசாரிகள் எனப் பட்டியலிட்டு வைத்திருந்த தன் சொந்தக் குடிமக்களைக் குழி வெட்டிச் சுட்டது. அரிசி ஒதுக்கீடு கிடைக்கும் என்று பெயர் கொடுத்த விவசாயிகளும் அந்தப் பட்டியலில் இருந்தார்கள். செப்டம்பரில் பின்வாங்கிய வடக்குப் படை தன் கைதிகளைச் சுட்டது. மேலேயிருந்து அமெரிக்கா 6,35,000 டன் குண்டு போட்டது. அதில் 32,000 டன்னுக்கு மேல் நேபாம். பசிபிக் போர் முழுவதிலும் போட்டதைவிட இது அதிகம். சீனா லட்சக்கணக்கில் ஆளை அனுப்பியது. ஏறத்தாழ முப்பது லட்சம் பேரைச் சாகவிட்டு, 1953-ல் எல்லோரும் ஏறக்குறைய தொடங்கிய இடத்துக்கே வந்து சேர்ந்தார்கள். கேசோங் வடக்குக்குப் போயிற்று, சொக்சோ தெற்குக்கு வந்தது. அவ்வளவுதான் லாப நட்டம்.

போர் ஓய்வதற்கு முன் பேச்சுவார்த்தை என்று இரண்டாண்டு இழுத்தார்களே, அந்தக் கூத்தைச் சொல்லாமல் விட முடியாது. எதிராளி குட்டையாகத் தெரிய வேண்டும் என்பதற்காக அமெரிக்கத் தளபதிக்குத் தாழ்வான நாற்காலி போட்டது வடக்கு. மேசை மேல் ஒரு பக்கம் சின்னக் கொடி வைத்தால் மறுபக்கம் அதைவிடப் பெரிய கொடி. கடைசியில் கொடி அறைக்குள் கொள்ளாமல் போயிற்று. இந்தப் போட்டி தீர்ந்துவிட்டது என்று நினைக்க வேண்டாம். 1980-களில் தெற்கு எல்லையோரக் கிராமத்தில் சுமார் 100 மீட்டர் உயரத்துக்குக் கொடிக்கம்பம் நட்டது. வடக்கு தன் பக்கத்துக் கிராமத்தில் 160 மீட்டருக்கு நட்டது. வடக்கின் கிராமத்துக்குப் பெயர் அமைதிக் கிராமம். அங்கே குடியிருப்பவர்கள் கிட்டத்தட்ட யாருமில்லை, ஆகையால் அமைதிக்குக் குறைவில்லை.

1976 ஆகஸ்டில் பன்முன்ஜோமில் ஒரு பாப்லர் மரம் காவல் சாவடியின் பார்வையை மறைத்தது. கிளையை வெட்டப் போன இரண்டு அமெரிக்க அதிகாரிகளை வட கொரிய வீரர்கள் கோடாலியால் அடித்துக் கொன்றார்கள். மூன்று நாள் கழித்து, பாதியில் விட்ட வெட்டு வேலையை முடிக்க அமெரிக்கா கிளம்பியது. மரம் அறுக்கும் ரம்பத்தோடு ஒரு குழு, காவலுக்குத் தென் கொரிய சிறப்புப் படை, வானத்தில் ஹெலிகாப்டர்கள், அதற்கும் மேலே பி-52 குண்டுவீச்சு விமானங்கள், கடலில் மிட்வே விமானந்தாங்கிக் கப்பல். ஒரு மரத்துக்கு இவ்வளவு. அடிக்கட்டையை மட்டும் நினைவாக விட்டுவைத்தார்கள். கொரியா அன்று இன்னொரு போருக்கு மிக அருகில் போய்த் திரும்பியது ஒரு மரக்கிளையின் பேரில்.

இவர்கள் எதிரிகள் என்று நம்புகிறீர்களா? 1972 ஜூலை 4-ம் தேதி வடக்கும் தெற்கும் சேர்ந்து ஒரு கூட்டறிக்கை வெளியிட்டன. வெளியார் தலையீடு இல்லாமல், அமைதி வழியில், சித்தாந்தம் கடந்து இணைவோம் என்றது அறிக்கை. மக்கள் தெருவில் அழுதார்கள். அதே ஆண்டு டிசம்பர் 27-ம் தேதி தெற்கில் அதிபர் பார்க் சுங்-ஹீ புதிய அரசியல் சாசனத்தைப் பிரகடனம் செய்தார். அதன்படி அவர் ஆயுள் உள்ளவரை அதிபராக இருக்கலாம். வடக்கில் கிம் இல்-சுங் புதிய அரசியல் சாசனத்தை நிறைவேற்றினார். அதன்படி அவர் நாட்டின் அதிபர். தேதி? அதே டிசம்பர் 27. ஒருவருக்கு முதலாளித்துவம் உயிர், மற்றவருக்குப் பொதுவுடைமை உயிர். நாள் நட்சத்திரம் பார்ப்பதில் மட்டும் ஒரே ஜோசியர் போலிருக்கிறது. இணைப்புக்குத் தயாராவதற்கு வலுவான தலைமை தேவை என்று பார்க் காரணம் சொன்னார்.

அன்றிலிருந்து எதிரி ஒரு மூலதனம். 1986-ல் தெற்கில் சர்வாதிகாரி சுன் டூ-ஹ்வானுக்கு எதிராகத் தெரு கொதித்துக்கொண்டிருந்தது. திடீரென்று ஓர் அறிவிப்பு: வடக்கு பெரிய அணை கட்டுகிறது, அதை உடைத்துவிட்டால் சியோல் மூழ்கும், 1988 ஒலிம்பிக்ஸ் போச்சு. சியோலின் 63 மாடிக் கட்டடம் பாதி நீரில் நிற்கும் மாதிரியைத் தொலைக்காட்சியில் காட்டினார்கள். தடுப்பணை கட்டப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் வரை உண்டியல் காசைக் கொடுத்தார்கள். 1993-ல் தணிக்கை செய்தபோது வெள்ள அபாயத்தை ஊதிப் பெருக்கியது தெரிந்தது. அணைக்கு வைத்த பெயர் அமைதி அணை. 1997 அதிபர் தேர்தலுக்கு முன் தெற்கிலிருந்து மூன்று பேர் பெய்ஜிங் போய், பன்முன்ஜோமில் கொஞ்சம் துப்பாக்கிச் சூடு நடத்தித் தர முடியுமா என்று வட கொரியர்களிடம் கேட்ட வழக்கும் உண்டு. எதிரியிடமே தேர்தல் பிரச்சாரத்துக்கு ஆர்டர் கொடுக்கும் தேசபக்தி.

2024 டிசம்பர் 3-ம் தேதி இரவு தென் கொரிய அதிபர் யூன் சுக்-யோல் தொலைக்காட்சியில் தோன்றி, வட கொரிய ஆதரவு தேசவிரோத சக்திகளை ஒழிக்க ராணுவச் சட்டம் கொண்டுவருகிறேன் என்றார். நாடாளுமன்ற உறுப்பினர்கள் வேலி ஏறிக் குதித்து உள்ளே போய் 190 ஓட்டுக்குப் பூஜ்யம் என்று அதைத் தோற்கடித்தார்கள். ஆறு மணி நேரத்தில் கதை முடிந்தது, நான்கு மாதத்தில் பதவியும் போயிற்று. அதற்கு முன்பே பியோங்யாங் மேல் ட்ரோன் பறக்கவிட்டு வடக்கைச் சீண்டி, ராணுவச் சட்டத்துக்குச் சாக்குத் தேடினார் என்று சிறப்பு வழக்கறிஞர்கள் 2025-ல் அவர் மேல் குற்றம் சாட்டினார்கள். குற்றப் பிரிவின் பெயர் எதிரிக்கு ஆதாயம் செய்தல். எதிரியைக் காட்டி எதிரிக்கு உதவிய குற்றம். கொரிய அரசியலின் எழுபதாண்டு வரலாற்றுக்கு இதைவிடப் பொருத்தமான சட்டப் பிரிவு கிடைக்காது.

வடக்குக்கு இந்தச் சிரமம் இல்லை, அங்கே தேர்தல் பயம் கிடையாது. வர்க்கமற்ற சமுதாயம் அல்லவா. அதனால் தாத்தா, அப்பா, பேரன் என்று மூன்று தலைமுறையாக ஒரே குடும்பம் ஆள்கிறது. 1994-ல் செத்த தாத்தாவை 1998-ல் நிரந்தர அதிபர் என்று அரசியல் சாசனத்தில் எழுதி வைத்தார்கள். உங்கள் பாட்டனார் 1945-ல் நிலம் வைத்திருந்தாரா, ஜப்பான்காரனிடம் வேலை பார்த்தாரா, தெற்கே ஓடினாரா என்பதை வைத்து இன்று உங்கள் படிப்பு, வேலை, வசிக்கும் ஊர், கல்யாணம் எல்லாம் தீர்மானமாகும். பிறப்பால் உயர்வு தாழ்வை ஒழித்துவிட்டு, பாட்டனால் உயர்வு தாழ்வைக் கொண்டுவந்திருக்கிறார்கள். 1990-களில் பஞ்சம் வந்து லட்சக்கணக்கானவர்கள் பட்டினியில் செத்தபோது தலைவரின் உடலைப் பதப்படுத்தி வைக்க ஓர் அரண்மனையை இழைத்துக்கொண்டிருந்தார்கள். அரசியல் கைதி முகாம்களில் 80,000 முதல் 1,20,000 பேர் வரை இருப்பதாக ஐ.நா. விசாரணை ஆணையம் 2014-ல் சொன்னது. 2023-ல் ஒரு சட்டம்: தெற்கத்திய பாணியில் பேசினால் தண்டனை. காதலனைத் தெற்கத்திப் பெண் கூப்பிடுவது போலக் கூப்பிட்டால் சோஷலிசம் இடிந்து விழுந்துவிடும்.

தெற்கே சுதந்திரம். 1948-ல் போட்ட தேசியப் பாதுகாப்புச் சட்டம் இன்றும் உயிரோடு இருக்கிறது. கொள்கையைக் கைவிடுகிறேன் என்று எழுதிக் கொடுக்க மறுத்ததற்காக 1951-லிருந்து 1995 வரை ஏறத்தாழ 44 ஆண்டு உள்ளே கிடந்தார் கிம் சுன்-மியுங் என்ற கைதி. 2012-ல் ஓர் இளம் புகைப்படக்காரர் வட கொரியாவின் ட்விட்டர் பதிவுகளைக் கேலிக்காக எடுத்துப் போட்டதற்கு நீதிமன்றம் தண்டனை விதித்தது. பிறகு மேல்முறையீட்டில் விடுதலையானார் என்பது வேறு. எதிரியைக் கிண்டல் செய்வதற்கும் எதிரியைப் போற்றுவதற்கும் வித்தியாசம் தெரியாத இந்தச் சட்டத்தைத்தான் ஜனநாயகத்தின் காவல் நாய் என்கிறார்கள்.

சுதந்திரத்தைத் தேடி வடக்கிலிருந்து இதுவரை சுமார் 34,000 பேர் தெற்கே வந்திருக்கிறார்கள். அவர்களில் ஒரு தாய். 2019 ஜூலைக் கடைசியில் சியோலின் ஒரு வாடகைக் குடியிருப்பில் அவரும் அவரது ஆறு வயது மகனும் இறந்து சில மாதங்கள் ஆன நிலையில் கண்டெடுக்கப்பட்டார்கள். வீட்டில் உணவு இல்லை. பட்டினிதான் காரணம் என்று நாடே பேசியது. உடல் சிதைந்திருந்ததால் காரணத்தை உறுதி செய்ய முடியவில்லை என்றது பிரேதப் பரிசோதனை. பஞ்ச நாட்டிலிருந்து தப்பி, ஸ்மார்ட்போனும் காரும் உலகத்துக்கு விற்கும் நாட்டின் தலைநகரத்தில் வந்து, காலியான குளிர்சாதனப் பெட்டிக்கு அருகில் செத்தார். வாடகை பாக்கி இருந்தது. எந்த ஒலிபெருக்கியும் இதை எல்லை தாண்டிச் சொல்லவில்லை.

ஆக, இரண்டு சொர்க்கம். இரண்டுமே வேண்டாம் என்று சொன்னவர்களும் உண்டு, அந்தக் கதையில் இந்தியாவுக்கு ஒரு பங்கு இருக்கிறது. போர்நிறுத்தத்துக்குப் பின் ஊர் திரும்ப மறுத்த கைதிகளைப் பார்த்துக்கொள்ள ஜெனரல் திம்மய்யா தலைமையில் நடுநிலை நாடுகளின் ஆணையம் அமைந்தது, காவலுக்கு இந்தியப் படை போனது. இந்தியச் சிப்பாயின் கால் தென் கொரிய மண்ணில் படக்கூடாது என்று ரீ பிடிவாதம் பிடித்ததால் அவர்களைக் கப்பலிலிருந்து ஹெலிகாப்டரில் தூக்கிப் போய் எல்லைப் பகுதியில் இறக்கினார்கள். கடைசியில் 76 கொரியர்கள், வடக்கும் வேண்டாம் தெற்கும் வேண்டாம் என்று, 12 சீனர்களோடு சேர்ந்து இந்தியாவுக்குக் கப்பலேறினார்கள். பலர் பிறகு பிரேசிலுக்கும் அர்ஜென்டினாவுக்கும் போனார்கள். சித்தாந்த வாக்கெடுப்பு என்று கொரியாவில் உண்மையாக நடந்தது அது ஒன்றுதான் என்று எனக்குத் தோன்றும்.

ஓடமுடியாத மற்றவர்கள் காத்திருந்தார்கள். 1983-ல் கேபிஎஸ் தொலைக்காட்சி, போரில் சிதறிய உறவுகளைத் தேடும் நிகழ்ச்சியைத் தொடங்கியது. கொஞ்ச நேரத்துக்கு என்று ஆரம்பித்தது 138 நாள் ஓடியது. 10,189 சந்திப்புகள். இவர்களெல்லாம் பெரும்பாலும் தெற்கிலேயே, ஒரே நாட்டுக்குள்ளேயே தொலைந்தவர்கள். முப்பது ஆண்டாக இதைச் செய்ய எந்த அரசுக்கும் தோன்றவில்லை, இராணுவ ஆட்சிக்குக் கொடிக்கம்பம் நடுகிற வேலை இருந்தது. எல்லைக்கு அப்பால் இருந்தவர்களுக்கு 2000-லிருந்து 2018 வரை 21 முறை சந்திப்பு நடந்தது. கடைசிச் சந்திப்புக்கு சுமார் 57,000 பேரிலிருந்து கணினிக் குலுக்கலில் நூறு பேர் தேர்வு. பெற்ற தாயைப் பார்க்க லாட்டரி. வடக்கில் இருக்கும் கும்காங் மலை விடுதியில் மூன்று நாள், அதில் முகம் பார்ப்பது பன்னிரண்டு மணி நேரத்துக்குள். பக்கத்தில் வடக்கின் கண்காணிப்பாளர்கள். பிறகு பேருந்து ஜன்னல் கண்ணாடியில் கையை வைத்து அழுவதை உலகமே படம் பிடிக்கும். அதற்கப்புறம் கடிதம் எழுதிக்கொள்ளலாமா? கூடாது. 2001-ல் ஒருமுறை இரு பக்கமும் 300 குடும்பங்கள் கடிதம் மாற்றிக்கொள்ள இரண்டு அரசுகளும் கருணை காட்டின.

இப்போது அந்த நாடகத்துக்கும் திரை விழுந்துவிட்டது. இணைப்பே வேண்டாம், தெற்கு எதிரி நாடு என்று 2024 ஜனவரியில் கிம் ஜாங்-உன் அறிவித்தார். பியோங்யாங்கில் இரண்டு கொரியப் பெண்கள் கைநீட்டி நிற்கும் இணைப்பு வளைவை இடித்தார்கள். அக்டோபரில் தெற்கோடு சேரும் சாலைகளை வெடி வைத்துத் தகர்த்தார்கள். 2025 பிப்ரவரியில் கும்காங் மலையின் சந்திப்பு மையத்தையே வடக்கு இடிக்கத் தொடங்கியதாகத் தெற்கு அறிவித்தது. தெற்கும் வருத்தத்தைச் சமாளித்துக்கொண்டது: வடக்கே தெரியும் ஏகிபோங் குன்றில் 2024 நவம்பரில் ஸ்டார்பக்ஸ் கடை திறந்தாகிவிட்டது. எதிரே வட கொரியக் கிராமத்தை வேடிக்கை பார்த்தபடி காப்பி குடிக்கலாம்.

உறவைப் பார்க்க வேண்டும் என்று தென் கொரிய அரசிடம் பதிவு செய்தவர்கள் 1,30,000-க்கும் மேல். 2025 தொடக்கத்தில் அவர்களில் உயிரோடு இருந்தவர்கள் 37,000-க்கும் குறைவு. பெரும்பாலானவர்களுக்கு எண்பது வயது தாண்டிவிட்டது. மாதம் தவறாமல் சில நூறு பெயர்கள் அடிக்கப்படுகின்றன. 2018 ஆகஸ்டுக்குப் பிறகு ஒரு சந்திப்பும் நடக்கவில்லை. இந்தப் பட்டியல் காலியாகும் நாளுக்காகத்தான் இரண்டு அரசுகளும் பொறுமையாகக் காத்திருக்கின்றன. இன்னும் சில ஆண்டுதான். அதற்குப் பிறகு கேட்க ஆள் இருக்காது.